நெடுவயலில் பிடி மிதிக்க மறுத்த இடம்

அறம் நிற்க, மழை வழங்க. மருதங்கோப் பெருமன்னர் திருவுளப்படி, மேல்முறையீட்டு அவையின் முதல்வர் அமைச்சர் கண்டன் மாதவனார், ஆம்பல் வளநாட்டை ஆளும் விண்ணத்தரையர்க்கு எழுதுவித்த ஓலை. நும் ஏரிகள் நிறைக. நும் குடிகள் வழக்கின்றி வாழ்க. வழக்கே வந்தாலும் அது பூதன் சாத்தனுடைய வழக்காக இல்லாதிருக்க.

நும் நாட்டு நெடுவயல் முழுவதும் சாத்தனுக்கே உரியதென்று ஊர்ச்சபை தீர்த்ததையும், இறந்துபோன அவன் தம்பியின் மனைவி காரிநங்கை, தனக்கும் தன் பெண்மக்கள் இருவர்க்கும் வேறு சோறில்லை என்று இவ்வவையில் முறையிட்டதையும் நீர் அறிவீர். தீர்ப்புக்கு முந்தைய நாள் சாத்தன் தானே வந்து, தம்பி குடும்பம் வாட மனம் பொறுக்கவில்லை, பாதி வயலைத் தந்து சமாதானமாகிறேன் என்று அழுதான். அவையோர் உருகினர். அமைச்சர் உருகவில்லை. முழுவதையும் வென்றவன் பாதியைக் கொடுக்க ஓடி வருவானேன் என்று அவர் மனம் குடைந்தது.

மேற்பாதி நங்கைக்கு, கீழ்ப்பாதி தனக்கு, இரண்டும் மண்ணாலும் நீராலும் ஒன்றுக்கொன்று குறைந்தவை அல்ல என்று சாத்தன் ஆணையிட்டு எழுதிக் கொடுத்தான். அலைந்து களைத்த நங்கையும், பாதி கிடைத்தாலும் பிள்ளைகள் பிழைத்துக்கொள்ளும் என்று ஒப்பினாள். ஆயினும் பிடியானை எல்லை நடந்து, இருதரப்பாரும் அதன் பின்னே நடந்தாலன்றி இந்நாட்டில் எந்தப் பாகப்பிரிவினையும் செல்லாது. அதைச் சொன்னதும் சாத்தன் முகம் கறுத்தது. யானை மிதித்தால் வரப்பு பாழாகும், கயிறு பிடித்து அளந்தால் போதாதா என்று கெஞ்சினான். நேற்றுவரை வரப்பைப் பற்றி ஒரு சொல் சொல்லாதவன் இவன். அமைச்சர் அப்போதே பல்லக்கைக் கொண்டுவரச் சொன்னார்.

அல்லி என்னும் பிடி நடு எல்லையில் நேரே நடந்து வந்து, பாதி வழியில் ஒரு காலை வைத்துப் பார்த்து, எடுத்துக்கொண்டது. பாகன் எவ்வளவு தட்டிக் கொடுத்தும் அசையவில்லை. அடியில் வெற்றிடம் இருந்தால் அல்லி மிதிக்காது என்றான் பாகன். தோண்டினார்கள். மேற்பாதியின் மடையிலிருந்து கீழ்ப்பாதிக்குத் தண்ணீரைத் திருப்பும் மூடுகால்வாய் ஒன்று கிடந்தது. பாட்டனார் காலத்துக் கால்வாய் என்று சாத்தன் சாதித்தான். அமைச்சர் குனிந்து கல்லிடுக்கைத் தொட்டார். ஈரச் சுண்ணாம்பு விரலில் ஒட்டியது. அடுத்த கோடையில் காய்ந்த வயலைப் பார்த்து அந்தப் பெண்மக்கள் நின்றிருப்பார்கள்.

சமாதானத்தைத் திரும்பப் பெறுகிறேன், வழக்கே நடக்கட்டும் என்றான் சாத்தன். அமைச்சர் இசையவில்லை. இரு பாதியும் சமம் என்று ஆணையிட்டவனுக்கு எந்தப் பாதி வந்தால் என்ன என்று கேட்டார். கால்வாயை இடித்துவிடலாமா என்று நங்கையிடம் கேட்டபோது, அவள் அதன் கல்லைத் தட்டிப் பார்த்துவிட்டு, கட்டுமானம் உறுதியாக இருக்கிறது, இடிக்க வேண்டாம் என்று மட்டும் சொன்னாள்.

ஆகவே ஆணை: சாத்தன் எழுதிக் கொடுத்த அந்த ஓலையே நிற்க, பெயர்கள் மட்டும் இடம் மாறுக. கீழ்ப்பாதி காரிநங்கைக்கு, மேற்பாதி சாத்தனுக்கு. கால்வாயின் அடைப்புப் பலகை நங்கை கையில் இருக்க. தண்ணீர் வேண்டும்போது சாத்தன் அவள் வாசலுக்கு வந்து கேட்க வேண்டும். அவன் கேட்டால் அவள் மறுக்கலாகாது. கேளாமல் அவன் பலகையைத் தொடலாகாது.

இத்தீர்ப்புக்குச் சாத்தன் முணுமுணுப்பின்றி உடனே கைச்சாத்திட்டான். ஆகையால் இவ்வோலை கண்ட அன்றே கால்வாய்த் தலைப்பில் காவலர் இருவரை நிறுத்துக. அவர்கள் அவனுக்கு உறவினர் அல்லர் என்பதை நீரே விசாரித்து அறிக.

மீன்கொடி இலச்சினை இட்டு முடிந்தது.