நீ வசிக்கும் தெரு

லங்காஷயர், நவம்பர் 1966

அன்புள்ள அக்கா,

நாம் பேசி மூன்று வருடமாகிறது. நான் வரைந்த நகரத் திட்டத்தால் தெரு இடிபட்டு, அடுக்குமாடியின் பதினோராம் மாடிக்குக் குடிபோன உன் தோழி வின்னியை நேற்றுப் பார்த்தேன். டீ கொடுத்தாள்.

"குளியலறை, வெந்நீர் எல்லாம் இருக்குப்பா. ஆனா நாலு மாசத்துல என் கதவத் தட்டுன மொத ஆள் நீதான்" என்றாள்.

மேலதிகாரியிடம் சொன்னேன். "திட்டத்துக்குப் பதக்கமே வாங்கிட்டீங்க. இப்பப் போய் வருத்தப்படுறீங்களே" என்று சிரித்தார்.

அடுத்து இடிக்கவேண்டிய தெருக்களை இன்று வரைபடத்தில் சிவப்பால் குறித்தோம். உன் தெருவும் அதில் இருக்கிறது. திங்கட்கிழமை அறிவிப்பு வரும்.

நீ இன்னும் வசிக்கும், நாம் பிறந்த வீட்டின் மேல் வேறொருவர் கைபட மனம் ஒப்பவில்லை. உன் தெருவை நானே குறித்தேன்.

இப்படிக்கு,
உன் தம்பி