சனிக்கிழமை ஆட்டத்துக்கு இறங்காதே

பினாங்கு,
ஆவணித் திங்கள், 1934

அன்பு மகன் மாசிலாமணிக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் உன் தங்கை லெட்சுமியும் நலம். சிங்கப்பூரில் நீயும் நலமே என்று எழுதத்தான் கை விரும்புகிறது, உன் மடலைப் படித்த பிறகு மனம் வரவில்லை. கணுக்கால் பிசகி வீங்கியிருக்கிறது, அணியில் யாரிடமும் சொல்லவில்லை, சனிக்கிழமை இறுதி ஆட்டத்தில் இறுக்கக் கட்டிக்கொண்டு இறங்கிவிடுவேன், கட்டுவதற்கு உங்கள் பழைய நூற்சேலையைக் கிழித்து அனுப்புங்கள் என்று எழுதியிருக்கிறாய். வெறுங்காலால் பந்தாடும் நம் பிள்ளைகள், தாயின் சேலைத் துணியைச் சுற்றிக்கொண்டால் அடிபடாது என்று நம்புவதை நான் அறியாதவளா? நீ இங்கு ஆடிய நாளெல்லாம் நானே கிழித்துத் தந்தேன். இம்முறை தரமாட்டேன் கண்ணே. நல்ல காலுக்கு அத்துணி துணை நிற்கும். நொந்த காலுக்குத் திரையாகத்தான் தொங்கும்.

உன்னோடு ஆடி வளர்ந்த எதிர்வீட்டு யூசுப்புக்கு நேர்ந்ததைக் கேள். சென்ற மாதம் திடலில் நம் பந்தாட்டக் கழகம் ஆடியபோது அவனுக்கு முன்பே கால் பிசகியிருந்தது. அதைத் தன் தாயின் சேலைக் கட்டுக்குள் மறைத்துக்கொண்டு, அணித்தலைவன் ஜெயராஜ் கேட்டதற்கு, "ஒண்ணுமில்ல லா அண்ணே, குதிரை மாதிரி ஓடுவேன்" என்றானாம். இடைவேளைக்கு முன்பே விழுந்தான். ஆட்டம் தொடங்கிய பின் ஒருவனுக்கு மாற்றாக இன்னொருவனை இறக்க விதியில்லை என்பது உனக்குத் தெரியும். அணியைவிட்டு வெளியேற மனமின்றி அவன் ஓரத்தில் நொண்டிக்கொண்டே நிற்க, எதிரணியான் ஒருவன் அதே காலில் மோத, எலும்பு முறிந்தது. பத்துப் பேராய்க் குறைந்த நம்மவர் தோற்றனர். இன்னும் கட்டிலில்தான் கிடக்கிறான். பார்க்கப் போனால், "மாசிலாகிட்ட சொல்லிடாதீங்கம்மா, சிரிப்பான்" என்கிறான். நீ சிரிக்கமாட்டாய் என்று எனக்குத் தெரியும், ஆகவே சொல்லிவிட்டேன்.

இதன் பின் கழகக் கூட்டத்தில் எழுந்து பேசினேன். ஆட்டத்துக்கு முன் ஒவ்வொருவனும் கட்டை அவிழ்த்துத் தலைவன் முன்னே ஒற்றைக்காலில் துள்ளிக் காட்ட வேண்டும், வலியால் முகம் சுளித்தவன் அன்று அமர வேண்டும். பின்னாலிருந்து காலை வாருபவன் நம்மவனே ஆனாலும் அடுத்த ஆட்டத்தில் அவனுக்கு இடமில்லை. பயிற்சியில் மெல்ல ஓடி உடல் சூடேறிய பிறகே பந்தைத் தொட வேண்டும் என்றேன். எண்ணெய்க்கடை பிச்சைமுத்து எழுந்து, "ஏங்கக்கா, பந்தாடப் போறோமா, பொண்ணு பாக்கப் போறோமா? அவுத்துக் காட்டு, துள்ளிக் காட்டுன்னு!" என்றார். "காலை மறைச்சு மாப்பிள்ளையைக் காட்டுறது உங்க வீட்டு வழக்கமாண்ணே?" என்றேன். முதலில் சிரித்தவர் அவரேதான், விதியும் நிறைவேறியது.

உன் மடலைப் படித்த அப்பா என்னிடம், "ஊருக்கெல்லாம் முழங்குற, இவன்கிட்ட மட்டும் முழங்காத, வீம்புக்கே இறங்குவான். கெஞ்சு" என்றார். கெஞ்சுகிறேன் மகனே. இன்று நீ உன் தலைவனிடம் சொன்னால் நல்ல கால்கொண்ட ஒருவன் உன் இடத்தில் நிற்பான். நடுவர் ஊதிய பிறகு சொன்னால் எவனும் வர முடியாது, உன்னை நம்பி இறங்கிய பத்துப் பேரும் உன் வலியையும் சேர்த்துச் சுமப்பார்கள். கோப்பை அடுத்த ஆண்டும் வரும். உனக்கு வாய்த்த கால்கள் இவ்விரண்டே. கட்டை அவிழ்த்து அந்த வீக்கத்தை அத்தனை பேர் முன்னும் காட்டு. பந்தை உதைப்பதைவிட அதற்குத்தான் நெஞ்சுரம் வேண்டும், அது உனக்கு உண்டு.

நீடு வாழ்க, என் செல்வமே. ஓடி ஆடி நரை காண்க. வீக்கம் வடியும்வரை யாரையும் தேய்த்துவிட விடாதே. குளிர்ந்த நீரில் நனைத்த துணியைச் சுற்றி, தலையணைமேல் காலை உயர்த்தி வைத்துப் படு. வியாழக்கிழமை படகில் அக்கரை சேர்ந்து, பிறை நிலையத்தில் புகைவண்டி ஏறுகிறேன். சனிக்கிழமை கோட்டோரத்தில் நம் இருவருக்கும் இடம் பிடித்து வை.

உன் அம்மா,
தையல்நாயகி