லிட்கம் குசினியில் எடுத்த பதினொரு நிமிடம்

நீர் காலமான பிறகு மெல்பேர்ன் கிளேட்டனிலிருந்து உம்முடைய மனைவி அனுப்பிய பெட்டி செவ்வாய்க்கிழமை வந்து சேர்ந்தது. திறந்ததும் உமது எடிட்டிங் அறையின் பழைய கோப்பி மணம். மேலே ஒரு ஹார்ட் டிஸ்க். அதில் நீர் எழுதி ஒட்டியிருந்தீர்: "லிட்கம் குசினி. போடக்கூடாது."

முப்பது வருடம் அறிவியலை ஆவணப்படமாக எடுத்தீர். ஆய்வுகூடத்தில் அரை நாள் நின்றால், அந்த ஆய்வு போய்ச் சேரும் வீட்டில் மூன்று நாள் நிற்பீர். "மெஷின் ஓடிப்போகாது, ஐசே. சனம்தான் மனம் மாறும்" என்பீர்.

மரபணுச் சோதனை பற்றிய படத்துக்கு சிட்னியில், லிட்கமில் இருந்த ஒரு பெண்மணியைக் காட்டித் தந்தவன் நான். என் பத்திரிகையில் ஒரு செய்திக்காக அவரைச் சந்தித்திருந்தேன். தந்தைக்கு இருந்த, மருந்தில்லாத நரம்புநோய் தனக்கும் வரும் என்று சோதனையில் அறிந்தவர். தன் குசினியில் மரக்கறி வெட்டியபடியே அதை உமது கமராவுக்குச் சொன்னார். ஒப்புதல் படிவத்திலும் கையெழுத்திட்டார். படத்தின் உயிரே அந்தப் பதினொரு நிமிடம்தான் என்று இருவரும் நினைத்தோம்.

ஒளிபரப்புக்கு இரண்டு கிழமை இருக்கையில் அவருடைய தம்பி உம்மை அழைத்தார். "அப்பாவின்ர அந்த நரம்பு வருத்தம் எனக்கும் இருக்கலாம். நான் செக் பண்ணேல்லை, பண்ணவும் மாட்டன். பிள்ளையளுக்கு இன்னும் சொல்லேல்லை. ரீவி சொல்ல வேண்டாம்."

நீர் அதைச் சொன்னபோது நான் தொலைபேசியில் சண்டை பிடித்தேன். "அவ சைன் பண்ணிட்டா. பிறகென்ன?"

"சைன் அவதான் வைச்சவ. ரிசல்ட் தம்பியையும் பற்றித்தானே சொல்லுது, ஐசே."

"அப்பிடிப் பாத்தா நீர் ஒரு படமும் எடுக்கேலாது."

"ஓம். அதுதான் எனக்கும் பயம்."

மறுநாளே மெல்பேர்னிலிருந்து சிட்னிக்குக் காரோட்டி வந்தீர். அதே குசினியில் அக்காவையும் தம்பியையும் எதிரெதிரே இருத்தினீர். நானும் இருந்தேன். "என்ர வருத்தத்தைச் சொல்ல எனக்கு உரிமை இல்லையோ?" என்று அக்கா கேட்டார். தம்பி தலை நிமிரவில்லை. கடைசியில் அக்கா தேத்தண்ணி ஊற்றினார், தம்பிக்கு மட்டும்.

நீர் அந்தக் காட்சியை வெட்டினீர். படம் குளிர்ந்துபோய்க் கிடக்கிறது என்று ஒரு விமர்சகர் எழுதினார். "சூடெல்லாம் லிட்கமில விட்டுட்டு வந்தனான்" என்று சிரித்தீர். அந்த அக்கா பிறகு உம்மோடு கதைக்கவே இல்லை என்பதைச் சொன்னபோது சிரிக்கவில்லை. செய்தது சரியா என்று கடைசிவரை உமக்கு நிச்சயமில்லை. எனக்கும் இல்லை.

ஆனால் என் வேலை மாறிப்போனது. போன மாதம் ஹெலன்ஸ்பர்க்கில் ஒருவர் தன் சோதனை முடிவைப் பற்றிப் பேசச் சம்மதித்தார். வேறெந்தப் பத்திரிகைக்கும் கிடைக்காத செய்தி. ஒலிப்பதிவைத் தொடங்குமுன், உம்மால் நான் கேட்கப் பழகிய கேள்வியைக் கேட்டேன்: "இந்த ரிசல்ட்டில வேற ஆர் ஆர் வருவினம்?"

"தங்கச்சியிட்ட கேட்டுட்டு கோல் அடிக்கிறன்" என்றார் அவர்.

அவர் இன்னும் அழைக்கவில்லை. என் பத்திரிகை ஆசிரியர் இரண்டு முறை விசாரித்துவிட்டார். ஹெலன்ஸ்பர்க்காரருடைய தொலைபேசி இலக்கம் என்னிடம் இருக்கிறது. நான் அழைக்கவில்லை.