கழட்டாதே என்றாய், அறுத்துவிட்டார்

குஸ்டீன்
பிப்ரவரி 9

அன்புள்ள ஹெல்டர் அண்ணாவுக்கு,

லீனா எழுதுவது. மாடுகள் நலம். அம்மா நலம். அப்பாவும் உடம்பளவில் நலம்தான்.

உன் முதல் கடிதம் ஜார்ஜியாவிலிருந்து வந்து சேர்ந்தது. பயிற்சி முகாமில் விடிந்ததிலிருந்து யாராவது கத்திக்கொண்டே இருக்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். அம்மா அதைக் கேட்டுவிட்டு, "உங்கப்பா கத்துனதுக்கு அதெல்லாம் தாலாட்டுடி" என்றாள். பிறகு அடுப்புப் பக்கம் திரும்பி முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

இங்கே மூடுபனி இன்னும் விலகவில்லை. கறவைக் கொட்டகையிலிருந்து வீடு தெரிவதில்லை. கருப்பி கன்று போட்டது, பெண் கன்று. கயோட்டி நரிகள் மறுபடி கன்றுக் கொட்டகை வரைக்கும் வருகின்றன. சாயங்காலம் ஊளை கேட்கிறது. ஒரு கன்றின் பின்னங்காலைக் கடித்துக் குதறிவிட்டன. அப்பா தினமும் நீ விட்டுச்சென்ற துப்பாக்கியை எடுத்துக்கொண்டு வேலிப் பக்கம் போகிறார்.

அந்தத் துப்பாக்கியைப் பற்றித்தான் எழுத வேண்டும். இரண்டு தடவை எழுதத் தொடங்கி நிறுத்திவிட்டேன். படித்ததும் கிழித்துப் போட்டுவிடு.

நீ அதை அப்பா பெயருக்கு மாற்றிக் கொடுத்துவிட்டுப் பஸ் ஏறும்போது ஒன்றே ஒன்று சொன்னாய்: "அப்பா, பிடிக்குப் பின்னால அந்தத் துடுப்பு இருக்குல்ல, அதை மட்டும் கழட்டிடாதீங்க." ஏன் என்று சொல்லவில்லை. எனக்கு நீ சொல்லித் தந்திருந்தாய். தோட்டாப் பெட்டி விரலால் அழுத்தினால் கழன்று வருகிற இந்த மாதிரித் துப்பாக்கியில், கட்டைவிரலைச் சுற்றிப் பிடிக்கும்படி கைப்பிடி இருந்தால் நம் மாநிலத்தில் அது தடை செய்யப்பட்ட ஆயுதம். கட்டைவிரல் சுற்றாமல் தடுக்கத்தான் மீன் துடுப்பு மாதிரி அந்தப் பிளாஸ்டிக் தகடு. அது இருக்கும்வரை சாதாரணத் துப்பாக்கி, போனால் சிறை. அப்பாவிடமும் சொல்லியிருக்கலாம் நீ.

அவர் வலது கை உனக்குத் தெரியும். இரும்புக் கேட் நசுக்கிச் சுண்டுவிரலும் மோதிர விரலும் போன அந்த வருடம்தான் கறவைக்கு ஆளில்லாமல் நான் பள்ளியை விட்டேன். மீதி இருக்கிற விரல்களோடு கட்டைவிரல் சுற்றாவிட்டால் அவருக்கு எதுவும் பிடிபடாது. மண்வெட்டி, வாளி, சவரக்கத்தி, எல்லாவற்றின் பிடியையும் தன் கைக்கு ஏற்ப அறுத்தும் வளைத்தும் வைத்திருக்கிறார். போன வாரம் பட்டறையில் ரம்பச் சத்தம் கேட்டுப் போனேன். துடுப்பு தரையில் கிடந்தது. அப்பா அறுத்த இடத்தை அரத்தால் தேய்த்துக்கொண்டிருந்தார். அவ்வளவு சந்தோஷமாக அவரைப் பார்த்து நாளாகிறது.

அண்ணன் கழட்ட வேண்டாம் என்றானே என்று கேட்டேன். அதுவே பாதிதான் வெளியே வந்தது.

"கழட்டுனேனா? நல்லாப் பாரு. கழட்டவே இல்ல. அறுத்தேன்" என்றார்.

சிறை என்பதை நான் சொல்லவே இல்லை. உனக்குத் தெரியும், எனக்குப் பேச்சு சுலபத்தில் வராது.

அப்பா அதோடு விடவில்லை. வியாழக்கிழமை நம் கிடாரி ஒன்று ரோட்டுக்குப் போய்விட்டது என்று சொல்ல ஷெரீஃப் ஆபீஸிலிருந்து ஹாலிஸ் வந்தார். அம்மா காப்பியும் இனிப்பு ரொட்டியும் வைத்தாள். பேச்சு கயோட்டிக்குப் போனது. அப்பா, "இருங்க, என் கைவேலையைப் பாத்துட்டுப் போங்க" என்று சாவியை எடுத்துக்கொண்டு துப்பாக்கி அலமாரிக்கு எழுந்தார். ஹாலிஸ் நல்லவர், ஆனால் பார்த்துவிட்டால் பார்க்காத மாதிரி இருக்க அவரால் முடியாது. நான், "அப்பா! கருப்பி படுத்துட்டா, எந்திரிக்க மாட்டேங்குறா!" என்று கத்தினேன். என் குரலைக் கேட்டு ஹாலிஸ் ரொட்டியைக் கீழே போட்டுவிட்டார். "அபீலியோ, உங்க பொண்ணுக்குப் பேச வருமா? இத்தன வருசமா எனக்குத் தெரியாதே!" என்றார். அப்பா ஓடினார். கருப்பி நின்றுகொண்டு புல் தின்றுகொண்டிருந்தாள். "உனக்குக் கண்ணு தெரியலியா?" என்று திட்டு விழுந்தது. பரவாயில்லை, அதற்குள் ஹாலிஸ் கிளம்பிவிட்டார்.

இன்னொன்று. அப்பாவின் குடியுரிமைக்கு நேர்காணல் தேதி வந்துவிட்டது. மார்ச் மாதம், ஃப்ரெஸ்னோவில். அவரைப் போன்ற கிரீன் கார்டுக்காரர் மேல் துப்பாக்கி வழக்கு வந்தால் குடியுரிமை கிடைக்காதது மட்டுமில்லை, பிறந்த தீவுக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று படித்தேன். அங்கே அவருக்கு யார் இருக்கிறார்கள்?

ஞாயிற்றுக்கிழமை எப்போதாவது உங்களுக்கு ஃபோன் தருவார்கள் என்றாயே. அப்பாவிடம் நீயே சொல்லிவிடு. நீ சொன்னால் கேட்பார். எனக்கு வாய் வரவில்லை.

உன் தங்கை,
லீனா


குஸ்டீன்
பிப்ரவரி 18

அண்ணா,

முதல் வேலையாக: அப்பாவிடம் எதுவும் சொல்லாதே. போன கடிதத்தில் சொல்லச் சொன்னேன், அதை மறந்துவிடு. ஃபோன் கிடைத்தால் வானிலையைப் பேசு. சாப்பாட்டைப் பேசு.

காரணம் சொல்கிறேன். அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கோஸ் நறுக்குவதை நிறுத்திவிட்டாள். அம்மா போன வருடம்தான் அந்த நேர்காணலுக்குப் போய் வந்தவள். "அங்க ஒரு கேள்வி கேப்பாங்கடி. மாட்டிக்காத குத்தம் ஏதாவது செஞ்சிருக்கியான்னு. பொய் சொல்ல மாட்டேன்னு கையைத் தூக்கிச் சத்தியம் பண்ண பொறவு கேப்பாங்க" என்றாள். அப்பாவைத் தெரியுமே. கடைக்காரர் கூடுதலாக ஒரு முட்டை வைத்துவிட்டால் ஊருக்குள் திரும்பிப் போய்க் கொடுத்துவிட்டு வருகிறவர். தெரிந்தால் சொல்லிவிடுவார். தெரியாவிட்டால், அவர் "இல்லை" என்று சொல்வது பொய்யாகாது. அதனால் அவருக்குத் தெரியாமலே சரி செய்வது என்று நானும் அம்மாவும் முடிவு செய்தோம்.

மதியக் கறவைக்கு முன் அப்பா தூங்கும் நேரத்தில் அம்மா அலமாரிச் சாவியைத் தந்தாள். நீ சொல்லித் தந்தபடி இரண்டு இணைப்பு ஊசியையும் தள்ளித் துப்பாக்கியை இரண்டு பாதியாகப் பிரித்தேன். பாதியை அலமாரியிலும் பாதியை அம்மாவின் பெட்டியிலும் வைத்துப் பூட்டினோம். பிரிந்திருக்கும்வரை அது தடை செய்யப்பட்ட ஆயுதமாகாது. அப்பா கேட்டால் நான் சுத்தம் செய்கிறேன் என்று சொல்ல ஏற்பாடு.

பிறகு வெர்னாவின் துப்பாக்கிக் கடைக்குப் போனேன். தனியாக. உள்ளே ஆண்கள் நின்றிருந்தார்கள். அவர்கள் போகும்வரை மீன் தூண்டில்களைப் பார்த்துக்கொண்டு நின்றேன். வெர்னா, "ஏம்மா, தூண்டிலை எல்லாம் மனப்பாடம் பண்ணிட்டியா, இன்னும் இருக்கா?" என்று கேட்ட பிறகுதான் கல்லாவுக்குப் போனேன். அண்ணனுடைய துப்பாக்கியில் துடுப்பு உடைந்துவிட்டது, புதுப் பிடி வேண்டும் என்றேன்.

"உடைஞ்சுதா, உடைச்சாங்களா?" என்று கேட்டவள் உடனே கையைக் காட்டி நிறுத்தினாள். "பதில் சொல்லாத. காதுல விழுந்துட்டா எனக்கு மறக்காது. துப்பாக்கியைத் தூக்கிட்டு வந்தியா?"

இல்லை என்று தலையாட்டினேன்.

"புத்திசாலி. முழுசா இருக்கா, பிரிச்சு வெச்சிருக்கா?"

பிரித்து வைத்திருக்கிறேன் என்று கையால் காட்டினேன்.

"ரொம்பப் புத்திசாலி. உனக்கு இருக்குறதுல பாதிகூட இல்ல உங்கண்ணன்கிட்ட."

புதுத் துடுப்பை எடுத்து மேஜையில் வைத்தாள். அதைப் பார்த்ததும் எனக்கு அப்பாவின் கைதான் நினைவுக்கு வந்தது. இதை மாட்டினால் இதையும் அறுப்பார். விரல் இல்லாத ஒருவர் எப்படிப் பிடிப்பது என்று கேட்டுவிட்டேன். யாருடைய விரல் என்று வெர்னா கேட்கவில்லை. ஊரில் எல்லாருக்கும் தெரியும். சட்டத்துக்குள் நிற்க இன்னொரு வழியும் இருக்கிறது என்றாள். தோட்டாப் பெட்டி அழுத்தினால் கழலக் கூடாது. துப்பாக்கியையே பிரித்தால்தான் கழல வேண்டும். அப்படிப் பூட்டிவிட்டால் பிடி எப்படி இருந்தாலும் கேட்க மாட்டார்கள். பத்துத் தோட்டாவுக்கு மேல் போகாத பெட்டியாக இருக்க வேண்டும், அது ஏற்கெனவே அப்படித்தான். பழைய பொத்தானை எடுத்துவிட்டு வைக்கிற சின்ன இரும்புத் துண்டு ஒன்று தந்தாள். எப்படி மாட்டுவது என்று தன் கடைத் துப்பாக்கியில் செய்து காட்டினாள். "பூட்டை மாட்டி முடிச்ச பொறவுதான் ரெண்டு பாதியையும் சேக்கணும். முன்னால சேத்துராத" என்று வாசல்வரை வந்து சொன்னாள்.

அப்படியே செய்தேன். அம்மா கதவருகே நின்று அப்பாவின் குறட்டையைக் கேட்டுக்கொண்டிருந்தாள். குறட்டை நின்றபோதெல்லாம் என் கை நின்றது. முடித்துவிட்டேன் அண்ணா. இழுத்துப் பார்த்தேன், பெட்டி அசையவில்லை. அப்பா அறுத்த பிடி அப்படியே இருக்கிறது. இனி அது சட்டப்படி சரிதான்.

மறுநாள் வேலியிலிருந்து வந்து, "இந்தப் பெட்டி ஏன் உடும்பு மாதிரிப் புடிச்சுக்கிட்டுருக்கு?" என்றார். பயத்தில் எனக்கு முதலில் வந்ததைச் சொல்லிவிட்டேன். அண்ணன்தான் பூட்டச் சொன்னான் என்றேன். முனகிக்கொண்டே போய்விட்டார். ஆகவே உன்னிடம் கேட்டால் நீதான் சொன்னாய். மறக்காதே.

இப்போது கறவைக் கொட்டகையில் மாடுகளிடம் நேர்காணல் பாடத்தை ஒப்பிக்கிறார். செனட்டில் எத்தனை பேர் என்று கருப்பிக்குக்கூடத் தெரியும்.

இந்தக் கடிதம் உனக்கு முதலில் கிடைக்க வேண்டும், ஃபோன் அதற்குப் பிறகு. அப்படியே நடக்கட்டும் என்று அம்மா மெழுகுவர்த்தி ஏற்றியிருக்கிறாள்.

லீனா


குஸ்டீன்
மார்ச் 14

அன்புள்ள அண்ணாவுக்கு,

உன் கடிதம் நேற்று வந்தது. எத்தனை தடவை மன்னித்துக்கொள் என்று எழுதுவாய்? என் கடிதம் உன் கைக்கு வருவதற்கு முன்பே உனக்கு ஃபோன் தந்துவிட்டார்கள். அது உன் குற்றமில்லை. அப்பா உன்னிடம் என்ன கேட்டார் என்று இப்போதுதான் தெரிகிறது. "ஏண்டா பெட்டியைப் பூட்டச் சொன்ன?" நான் சொன்ன பொய்யைத்தான் கேட்டிருக்கிறார். நீ, பூட்டச் சொல்லவில்லையே, துடுப்பை அறுத்தீர்களா, ஐயோ அது சிறைக்குப் போகிற விஷயமாயிற்றே என்று எல்லாவற்றையும் சொல்லிவிட்டாய். உன் இடத்தில் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன்.

அன்று நான் கொட்டகையிலிருந்து வந்தபோது அப்பா சமையலறை மேஜையில் ஃபோனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அடிப்பாரோ என்றுகூட நினைத்தேன். "ஜெயிலுக்குப் போற விசயமா அது?" என்று மட்டும் கேட்டார். தலையாட்டினேன். "அம்மாவுக்குத் தெரியுமா?" அதற்கும் ஆட்டினேன். "வெர்னாவுக்கு?" ஆட்டினேன். "அப்ப இந்த வீட்டுல மாட்டுக்கும் எனக்கும்தான் தெரியல" என்று எழுந்து தீவனம் வைக்கப் போய்விட்டார்.

நேர்காணல் வரைக்கும் அம்மா விடவில்லை. ரொட்டி பிசையும்போது, துணி மடிக்கும்போது, காரில் போகும்போது, ஒரே பேச்சு. "இல்லன்னு ஒரு வார்த்தைங்க. இங்கிலீஷ்ல அது இன்னும் சின்னது. மூச்சு விடுற மாதிரி சொல்லிட்டு வந்துருங்க." நேர்காணலன்று அப்பா எங்களுக்கு முன்பே கிளம்பி நின்றார். கல்யாணத்துக்குத் தைத்த கோட்டு போட்டிருந்தார். வலது கையைக் கோட்டுப் பைக்குள்ளேயே வைத்திருந்தார். சத்தியம் செய்ய அதைத்தான் தூக்க வேண்டும் என்று வழியெல்லாம் எனக்கு அதே நினைப்பு.

உள்ளே அவர் மட்டும்தான் போனார். நானும் அம்மாவும் வெளியே உட்கார்ந்திருந்தோம். மற்றவர்கள் போய்ச் சிரித்துக்கொண்டே வந்தார்கள். அப்பா வர வெகுநேரமானது. வந்தவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. பசிக்கிறது என்றார். லிங்குவீசா தொத்திறைச்சி வைத்துக் கட்டி எடுத்துப்போன ரொட்டியைக் காரில் உட்கார்ந்து முழுவதும் சாப்பிட்டார். அம்மா அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பாதாம் தோட்டங்கள் தொடங்கும் இடத்தில்தான் சொன்னார். எல்லாக் கேள்விக்கும் சரியாகப் பதில் சொன்னாராம். செனட் கேள்வியும் வந்ததாம். அப்புறம் அந்தக் கேள்வி. "அந்த ஆபீசர் அம்மா கேட்டாங்க. நான் சொன்னேன். கேக்காம இருந்திருந்தா சொல்லியிருக்க மாட்டேன்" என்றார். மகன் கழட்டாதே என்றதையும், தான் அறுத்ததையும், கையை எடுத்துக் காட்டி ஏன் அறுத்தேன் என்பதையும் சொல்லியிருக்கிறார். அந்த அம்மாள் பேனாவைக் கீழே வைத்துவிட்டு மறுபடி சொல்லச் சொல்லியிருக்கிறார். இப்போது அது எப்படி இருக்கிறது என்று கேட்டதற்கு, "என் பொண்ணு சரி பண்ணிட்டா, அவ பேரு இடலீனா" என்று என் பெயரை எழுத்துக் கூட்டிச் சொல்லியிருக்கிறார். பிறகு அந்த அம்மாள் எழுந்து வெளியே போய் யாரிடமோ பேசிவிட்டு வந்து, இன்று முடிவு சொல்ல முடியாது, தபாலில் வரும் என்றாராம்.

அம்மா வீடு வரைக்கும் அழுதாள். "உங்களுக்குக் கூடப்பொறந்த எதிரி உங்க வாய்தான்" என்றாள். அப்பா, "சத்தியத்துக்குத் தூக்குனது இந்தக் கைதானே. இருக்குறதே மூணு வெரலு" என்றார்.

வெர்னா ஒரு வக்கீல் பெயர் எழுதித் தந்தாள். திங்கட்கிழமை நான் ஃபோன் செய்யப் போகிறேன். ஆமாம், நான்தான். என்ன பேச வேண்டும் என்று எழுதி வைத்துக்கொண்டு கொட்டகையில் சத்தமாகச் சொல்லிப் பார்க்கிறேன். அப்பா துப்பாக்கியைத் தொடுவதில்லை. கயோட்டிக்குத் தகர டப்பாவைத் தட்டிக்கொண்டு வேலியைச் சுற்றுகிறார். கன்றுகள் நலம்.

உன்மேல் அவருக்குக் கோபமில்லை. உனக்குக் கடிதம் எழுதுகிறேன் என்றேன். "நல்லா சாப்பிடச் சொல்லு, யார்கிட்டயும் முரண்டு பண்ண வேணாம்னு சொல்லு" என்றார்.

அண்ணா, ஒன்று கேட்கிறேன். கறவை முடிந்ததும் அப்பா தபால் பெட்டிக்குப் போகிறார். நான் அவருக்கு முன்னால் போகப் பார்க்கிறேன், சில நாள் முடிவதில்லை. மூடிமேல் கையை வைத்துக் கொஞ்ச நேரம் அப்படியே நிற்கிறார், பிறகுதான் திறக்கிறார். நீ எழுது. உறங்கப் போவதற்கு முன் இரண்டு வரி போதும். சாப்பாடு நன்றாக இல்லை என்று எழுது, மழை என்று எழுது. அவர் திறக்கும்போதெல்லாம் உள்ளே உன் கையெழுத்து இருக்கட்டும். மற்றது வருகிறபோது வரட்டும்.

உன்னைக் கர்த்தர் காக்கட்டும்.

லீனா