அவருக்குச் சிவக்காத பூ

8 பிப்ரவரி 2024, கீரமங்கலம்

விடைத்தாள் கட்டு முடிந்தது. கதையில் ஒரு பத்தி மட்டும் ஓடியது. நான் கட்டிவரும் நீரகம் என்ற நாட்டில் நிறத்துக்குப் பெயர்ச்சொல்லே கிடையாது, வினைச்சொல்தான். ‘சிவப்புப் பூ’ என்று அங்கே யாரும் சொல்வதில்லை. ‘இந்தப் பூ எனக்குச் சிவக்கிறது’ என்பார்கள். அடுத்தவர் கண்ணுக்கு அது எப்படியோ, யாருக்குத் தெரியும்? ஒருவர் கண்ட நிறத்தை இன்னொருவர் மறுப்பதுதான் அந்த நாட்டில் பெரிய குற்றம்.

வீட்டுக்காரரிடம் வாசித்துக் காட்டினேன். கத்தாரில் லாரி ஓட்டித் திரும்பியவருக்கு இதெல்லாம் எங்கே பிடிக்கப்போகிறது என்றுதான் நினைத்தேன். “நல்லாத்தான் இருக்கு. சிக்னல்ல என்ன பண்ணுவாங்க?” என்றார். சிரித்ததில் அவருக்கு இருமல் வந்துவிட்டது. காசநோய் மாத்திரை, மூன்றாவது மாதம். உடம்பு தேறி வருகிறது. பூ லோடு வண்டி ஓட்டப் போகிறார்.

15 பிப்ரவரி

மார்க்கெட்டிலிருந்து வந்ததும் சொன்னார்: “கனகாம்பரமெல்லாம் மண்ணு மாதிரி கெடக்கு திலகா. வாடல, தொட்டா புதுசாத்தான் இருக்கு. ஆனா மண்ணு.”

எனக்குப் புல்லரித்தது. மண் என்றால் எந்த மண், ஈரமா, காய்ந்ததா என்று கேட்டுக் கேட்டு எழுதினேன். நீரகத்துக்காரரைப் போலவே பேசுகிறார்! கல்யாணமான நாளிலிருந்தே அவருடைய நிறமும் என்னுடைய நிறமும் வேறு வேறாக இருந்திருக்கலாம். ஒரே சொல்லைச் சொல்லிக்கொண்டிருந்ததால் தெரியாமல் போயிருக்கலாம்.

கதை நன்றாக வந்திருக்கிறது.

19 பிப்ரவரி

தங்கை கலைமதி வந்திருந்தாள். “என் செவப்புச் சேலைய காப்பிக் கலர்ங்குறாங்க மாமா. கண்ண காட்டுனீங்களாக்கா?”

“அவங்க கண்ணு. அவங்களுக்கு அப்படித் தெரியுது” என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுப் போனாள். காப்பி நிறத்தையும் எழுதிக்கொண்டேன்.

27 பிப்ரவரி

வண்டி மோதிவிட்டது. ஆலங்குடி ரோட்டில் முன்னால் போன பஸ் நின்றிருக்கிறது, இவர் நிறுத்தவில்லை. பஸ்ஸில் யாருக்கும் அடியில்லை. இவருக்கு நெற்றியில் தையல். “பிரேக் லைட்டு எரியவே இல்ல” என்று திரும்பத் திரும்பச் சொல்கிறார்.

கூடப் போயிருந்த வண்டி முதலாளி குழந்தைசாமி என்னை அங்கிட்டுத் தள்ளிக் கூட்டிப்போனார். “ரெண்டு லைட்டும் பளிச்சுனு எரிஞ்சுச்சும்மா. பக்கத்துல ஒக்காந்து கத்துறேன், அவரு பாட்டுக்குப் போறாரு.”

நாளைக்கு லீவு போட வேண்டும். நாளைக்கே.

28 பிப்ரவரி

புதுக்கோட்டை. கண் டாக்டரம்மா புள்ளி புள்ளியாக இருந்த அட்டைகளைக் காட்டி, உள்ளே என்ன எண் தெரிகிறது என்று கேட்டார். இவருக்கு ஒரு எண்ணும் தெரியவில்லை. சுவரில் இருந்த எழுத்துகளில் மேல் வரியை மட்டும் வாசித்தார். மாத்திரைச் சீட்டைப் பார்த்ததும் டாக்டரம்மா பேனாவைக் கீழே வைத்தார்.

“இதுல ஒரு மாத்திரை சில பேருக்குக் கண் நரம்பைப் பாதிக்கும். மொதல்ல கலர்தான் மங்கும். அப்பவே நிறுத்துனா பெரும்பாலும் சரியாயிரும். கலர் மாறுதுன்னு எப்ப சொன்னாரு?”

அவர்தான் சொன்னார். “ரெண்டு வாரம் இருக்கும் டாக்டர். வீட்டுல சொல்லிக்கிட்டேதான் இருந்தேன்.” பழி போடும் குரல் இல்லை. கேட்டதற்குப் பதில், அவ்வளவுதான்.

ஐயோ, சொல்லிக்கிட்டேதான் இருந்தாரு. நான் என்ன பண்ணிக்கிட்டு இருந்தேன்? இன்னொரு தடவ சொல்லுங்கன்னேன். ஈர மண்ணா, காஞ்ச மண்ணான்னு கேட்டேன் —

6 மார்ச்

அந்த மாத்திரையை நிறுத்தியாயிற்று. மற்றவை தொடர்கின்றன. என் முகம் தெரியவில்லையாம். நடுவில் இருட்டு, ஓரத்தில் ஏதோ அசைகிறதாம்.

5 மே

மாற்றமில்லை. காத்திருக்கச் சொல்கிறார்கள். குழந்தைசாமி வந்து வண்டிச் சாவியை வாங்கிக்கொண்டு போனார்.

28 ஜூன்

காசநோய் முழுக்கக் குணம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். கேட்ட சந்தோஷத்தில், வாசலில் படி இருப்பதைச் சொல்ல மறந்துவிட்டேன். விழுந்துவிட்டார்.

11 ஆகஸ்ட், ஞாயிறு

மதியம் இலை போடும்போது, “ஒன் கதை என்னாச்சு?” என்றார். பிப்ரவரிக்குப் பிறகு நான் அதைத் தொடவில்லை.

“அத விடுங்க.”

“வாசி திலகா. எனக்கும் பொழுது போகணும்ல.”

வாசித்தேன். கனகாம்பரம் வந்தது. மண் வந்தது. கலைமதியின் சேலை வந்தது. தாண்டிப் போயிருக்கலாம், அவருக்கு எப்படித் தெரியும்? தாண்டவில்லை.

முடித்ததும், “நான் சொன்னதெல்லாம் அப்படியே இருக்கு. ஒண்ணு விடாம கேட்டிருக்க” என்றார்.

கோபமா, வேறு ஏதாவதா? குரலில் தெரியவில்லை. முகத்தைப் பார்த்தேன், அதிலும் தெரியவில்லை.

சோறு போட்டேன். எது எங்கே இருக்கிறது என்று காட்ட, வழக்கம்போல அவர் கையைப் பிடித்தேன்.

“விடு. நானே பாத்துக்கிறேன்” என்று கையை இழுத்துக்கொண்டு, இலையைத் தடவித் தேட ஆரம்பித்தார்.