வள்ளி ஓடியதைக் கேட்டேன்

மார்கழி, ஞாயிற்றுக்கிழமை

தூக்கம் வரவில்லை. காலையில் வள்ளி போன் செய்தாள். வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீசில் வேலை பார்ப்பவள். ஓட்டத்தைப் பற்றிய என் முதல் புத்தகத்தைப் படித்துவிட்டு ஓட வந்து, பல வருஷம் கிரிவலப் பாதையில் என்னோடு கூடவே ஓடியவள். என் முழங்கால் ஆபரேஷனுக்குப் பிறகு நான் இனி ஓடவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதால், இப்போது தனியாகத்தான் ஓடுகிறாள்.

"அக்கா, போனை கட் பண்ணாதீங்க. பாக்கெட்ல போட்டுக்கினு ஓடறேன்" என்றாள்.

கட்டிலில் உட்கார்ந்து கேட்டேன். முதலில் காலடிச் சத்தம், பிறகு மூச்சு. அடி அண்ணாமலைப் பக்கம் மேடு ஏறும்போது மூச்சு வாங்கியது.

"வேகத்தைக் கம்மி பண்ணுடி" என்றேன். அவள் காதில் விழவில்லை.

ஓடி முடித்ததும், "இருக்கீங்களாக்கா?" என்று கேட்டாள்.

"இருக்கேன்."

"போரடிச்சுதா?"

"இல்லடி."

மதியம் என் மூன்றாவது புத்தகம் அச்சாகி வந்தது. ஆபரேஷனுக்கு முன்பே எழுதி முடித்தது. அந்த மேட்டைப் பற்றிய பக்கத்தைப் பிரித்தேன். நன்றாகத்தான் எழுதியிருந்தது. எழுதியவள் மேல் எனக்குப் பொறாமையாக இருந்தது. காலையில் ஓடிவிட்டு வந்து, ஈரத் தலையோடு உட்கார்ந்து எழுதியவள் அவள். அடுத்த புத்தகம் எப்போது என்று பதிப்பாளர் கேட்கிறார். எதை எழுதுவது?

நாளைக்கும் போன் பண்ணுவதாக வள்ளி சொல்லியிருக்கிறாள். போனைச் சார்ஜில் போட்டுவிட்டேன். விடிய இன்னும் நேரம் இருக்கிறது.