பன்னிரண்டில் ஒரு விரிப்பு

லிண்டன்பாக்,
9 மார்ச் 1966

என் தங்கம் எபர்ஹார்டுக்கு, பாட்டி வால்புர்கா எழுதுவது. முழங்கால் வலியைத் தவிர எனக்கு ஒரு குறையும் இல்லை. மியூனிக்கில் வேளைக்குச் சாப்பிடுகிறாயா?

போன வியாழன் நீ எழுதும் துப்பறியும் தொடரைப் பார்த்தோம். திரையில் உன் பெயர் வந்ததும் எழுந்து பெட்டியருகே போய்விட்டேன். பக்கத்து வீட்டு பாபெட், "உட்காருடி வால்புர்கா, பேரனைக் கட்டிப்பிடிக்கவா போறே? எங்களுக்கும் கொஞ்சம் காட்டு" என்று கத்தினாள். ஐந்தாம் வகுப்பு படித்தவளின் பேரன் எழுத்தாளன்! கசாப்புக் கடையில்கூடச் சொல்லிவிட்டேன்.

உன் கடிதம் வந்தது. நம் ஊர்க் கதையையே தொலைக்காட்சி நாடகமாக எழுதியிருக்கிறாய். பாபெட்டின் கணவர் காஸ்பர், போர் முடியும் தறுவாயில் பாலத்தில் வெள்ளைத் துணி கட்டும் காட்சியைத் திங்களன்று எடுக்கிறீர்கள். அதற்கு என் சீர்த்துணியில் ஒரு விரிப்பு கேட்கிறாய். ஊரில் கேட்டதைத்தான் எழுதியிருக்கிறாய், உன்மேல் தப்பில்லை.

பாபெட்டுக்குக் கால் தரையில் இல்லை. "என் ஆளா நடிக்கிறவன் மூக்கு எப்படிடி? அழகா இருந்தா ஒத்துக்க மாட்டேன். அவருக்கு உருளைக்கிழங்கு மூக்கு" என்கிறாள். துரோகி பெண்டாட்டி என்று முகம் திருப்பியவர்கள் இப்போது அவளுக்கு வணக்கம் சொல்கிறார்கள்.

எபர்ஹார்டு, துணியைக் கட்டியது காஸ்பர் இல்லை. நான்.

அன்று அமெரிக்கர்களின் பீரங்கிச் சத்தம் நெருங்கிவிட்டது. உனக்கு ஆறு வயது, மேசைக்கடியில் காதைப் பொத்திக்கொண்டிருந்தாய். வெள்ளைத் துணி தெரிந்தால் ஊரைச் சுடமாட்டார்கள் என்றார்கள். அலமாரியில் என் அம்மா நெய்து கொடுத்த பன்னிரண்டு விரிப்புகள் இருந்தன. பாலத்துக் கம்பியிலோ துரு. எனக்கு மனசு வரவில்லை. பொதுச் சலவை அறையில் பாபெட்டின் ஒட்டுப்போட்ட விரிப்பு காய்ந்தது. அதை எடுத்துப்போய்க் கட்டினேன். மூலையில் சிவப்பு நூலில் அவள் பெயரெழுத்து இருந்ததும் எனக்குத் தெரியும்.

அமெரிக்கர்களுக்கு முன்னால் நம் சிப்பாய்கள் வந்துவிட்டார்கள். அவர்களுக்கு வெள்ளைத் துணி கட்டுவது துரோகம். எழுத்தைப் படித்து, யாருடையது என்று விசாரித்து, விரிப்போடு நேராகக் காஸ்பர் வீட்டுக்குப் போனார்கள். பாபெட் அப்போது தங்கை வீட்டில். காஸ்பர் அந்த விரிப்பைப் பார்த்தார். அவள்தான் கட்டினாள் என்று நினைத்திருப்பார். "நான்தான் கட்டுனேன், என் பொண்டாட்டிக்கு ஒண்ணும் தெரியாது" என்றார். என் ஜன்னலில் தெளிவாகக் கேட்டது. பாலத்திலேயே தூக்கில் போட்டார்கள். நான் உன்னை இறுக்கிப் பிடித்துக்கொண்டு வாயை மூடிக்கொண்டேன். இருபத்தொரு வருஷமாக மூடியே இருக்கிறேன்.

அவர் துணி கட்டுவதை வெட்டிவிடு. அவர் சொன்னதை மட்டும் எழுது. அது பாபெட்டுக்குச் சேரவேண்டிய சொல்.

பொட்டலத்தில் என் பன்னிரண்டில் ஒன்று இருக்கிறது. பாலத்தில் அதையே தொங்கவிடு. மூலையில் என் பெயரெழுத்து. அந்த நூலைப் பிரித்துவிடாதே, மடித்து மறைக்காதே. கேமராவைக் கிட்டே கொண்டுபோய்க் காட்டச் சொல். பாபெட்டின் கண் இன்னும் கூர்மைதான். ஒளிபரப்பாகும் நாளில் அவள் என் பக்கத்து நாற்காலியில் இருப்பாள். அன்று நான் எழுந்து பெட்டியை மறைக்க மாட்டேன்.

கடவுள் உன்னைப் பார்த்துக்கொள்ளட்டும், கண்ணு.

உன் பாட்டி,
வால்புர்கா